தட்டண்ணன்

கும்மிடிப்பூண்டி வானம் ராத்திரியிலும் சும்மா இருக்காது. சிப்காட் உருக்காலைகளின் வெளிச்சம் ஏறி மேகம் சிவந்து கிடக்கும். வடக்கே, பழவேற்காடு ஏரிக்கு அந்தப் பக்கம் ஸ்ரீஹரிகோட்டா. ராக்கெட் கிளம்பினால் மொட்டை மாடியிலிருந்தே பார்க்கலாம். இத்தனைக்கும் நடுவே வேறு ஏதோ தெரிகிறது என்பவர்தான் தட்டண்ணன். பறக்கும் தட்டைப் பார்த்தவர் என்பதால் ஊர் வைத்த பெயர்.

எட்டு மணி நேரம் உலையைப் பார்த்த கண், ஷிப்டு முடிந்ததும் அண்ணாந்துவிடும். டீக்கடைக்கு வந்தால் ஆரம்பம்.

"நேத்து மேற்கால ஒண்ணு நின்னுச்சு நைனா. ஆடல, அசையல. நம்மளையே பாத்துச்சு."

"அது வெள்ளிண்ணே."

"நேத்து செவ்வாக்கெழமடா!"

வரிசையாக விளக்குகள் ஊர்ந்து போனதைச் சொல்வார். ஸ்டார்லிங்க் செயற்கைக்கோள்கள் ஏவப்பட்ட சில நாட்களுக்கு அப்படித்தான் தெரியும் என்று ஐ.டி.ஐ. பையன் விளக்குவான். "ஒண்ணு பின்னால ஒண்ணு, நிக்காம, நேரத்துக்குப் போவுது. நம்ம லோக்கல் ட்ரெயின் என்னிக்காவது அப்பிடிப் போயிருக்கா? மனுசன் ஓட்டுற வண்டியே இல்ல அது!"

ராக்கெட் ஏறும்போது பீகார் பையன்கள் செல்போனோடு மாடிக்கு ஓடுவார்கள். தட்டண்ணன் தலை தூக்கமாட்டார். "அது உள்ளூர் சரக்குப்பா."

2023 ஜூலை 26 அன்று முட்டுக்காடு கடற்கரையில் எடுத்த படங்களில் நான்கு பறக்கும் தட்டுகள் தெரிவதாக, ஓய்வுபெற்ற டி.ஜி.பி. பிரதீப் பிலிப் சொன்னார். அண்ணனுக்குச் சோறு இறங்கவில்லை. "ஈ.சி.ஆர். பங்களாவப் பாத்துதான் வருமா? சிப்காட்டுக்கு வழி தெரியாதா?"

அந்தக் கோபத்தைத் தீர்த்து வைத்தது ஆஸ்திரேலியா. அதே மாதம் பெர்த்துக்கு வடக்கே கிரீன் ஹெட் கடற்கரையில் பெரிய உருளை ஒன்று ஒதுங்கியது. போலீஸ் காவல், உலகம் முழுக்கப் பரபரப்பு. கடைசியில் அது பெரும்பாலும் பி.எஸ்.எல்.வி. ராக்கெட்டின் மூன்றாம் அடுக்காக இருக்கலாம் என்றது அந்நாட்டு விண்வெளி முகமை.

ஐ.டி.ஐ. பையன் செய்தியைக் காட்டியதும் அண்ணன் டம்ளரைக் கீழே வைத்தார்.

"வானத்துலருந்து வந்தத அங்க போலீஸ் போட்டுக் காக்குறான். இங்க எறங்கியிருந்தா? விடியறதுக்குள்ள எடைக்குப் போட்டு, உலையில தள்ளி, கம்பியா இழுத்து லாரி ஏத்தியிருப்பானுங்க. தட்டுக்காரனுங்க நம்மூருல மட்டும் ஏன் எறங்கலைனு இப்பத்தாண்டா புரியுது!"