தும்மினால்தான் தெரியும்

ஆவணப்பட ஒளிப்பதிவாளர் படம் முழுக்க இருப்பார். யார் கண்ணிலும் பட மாட்டார். பட்டுவிட்டால் வேலையில் ஏதோ கோளாறு என்று அர்த்தம். அமெரிக்காவின் கிர்ஸ்டன் ஜான்சன் கால் நூற்றாண்டாக இப்படித்தான் மறைந்திருந்தார். போஸ்னியா, ஆப்கானிஸ்தான், நைஜீரியா என்று ஊரார் படங்களுக்காகக் கேமராவைச் சுமந்து அலைந்தார். கடைசியில், அந்தப் படப்பிடிப்புகளின் மிச்சம்மீதியை வழித்தெடுத்து, 2016இல் 'கேமராபெர்சன்' என்று சொந்தமாக ஒரு படம் போட்டார். பழைய சோறே விருந்தாகிவிட்டது.

அதில் மிசோரி மாநிலத்துச் சாலை ஒன்று வருகிறது. வானத்தில் மின்னல், சட்டகம் ஆடாமல் அசையாமல் நிற்கிறது. திடீரென்று ஒரு தும்மல், படமே குலுங்குகிறது. நம்மூர் நாயகனுக்கு விசிலும் ஸ்லோமோஷனும். இவருக்கு அறிமுகக் காட்சி அந்தத் தும்மல்தான்.

ஆஸ்கர்? இவரும் ஒளிப்பதிவாளர்களில் ஒருவராக இருந்த 'சிட்டிசன்ஃபோர்' 2015இல் சிறந்த ஆவணப்பட விருதை வென்றது. சிலை என்னவோ இயக்குநருக்கும் தயாரிப்பாளர்களுக்கும். ஒளிப்பதிவுக்கென்றே ஆவணப்படம் ஆஸ்கர் வாங்கியதில்லையா என்றால், வாங்கியிருக்கிறது: 1930இல் வெளியான 'வித் பேர்ட் அட் த சவுத் போல்'. இரண்டு கேமராக்காரர்கள் அதற்காக அண்டார்க்டிகா வரை போக வேண்டியிருந்தது.

இனி ஆவணப்படம் பார்க்கையில் கேமராவுக்குப் பின்னாலிருந்து தும்மல் கேட்டால், நீங்களாவது 'நூறாயுசு' என்று சொல்லிவிடுங்கள்.