புலிப்பாலும் புளிப்பாலும்: அடுப்பேறாத மீன் குறித்து புக்கிட் ரோத்தானில் நிகழ்ந்த ஓர் ஆய்வு

“ஏண்டா, கேஸ் தீந்து போச்சா?”

என் தாயார் கேட்ட இந்த ஒரு கேள்விதான் இக்கட்டுரையின் தோற்றுவாய். சபாவில் படித்துவிட்டு வந்த என் மகள், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், தெங்கிரி மீனை மெல்லிசாகச் சீவிக் கிண்ணத்தில் போட்டு, எலுமிச்சைச் சாறு மூழ்க ஊற்றி, உப்புத் தூவிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். அடுப்பு பற்றவில்லை. சட்டி ஏறவில்லை. “இருபது நிமிஷத்துல வெந்துரும் பாட்டி” என்றாள். தோட்டத்து லயத்தில் விறகடுப்பு, பிறகு மண்ணெண்ணெய் அடுப்பு, பிறகு கேஸ் அடுப்பு என்று மூன்று யுகம் கண்டவர் என் தாயார். நான்காம் யுகத்தில் அடுப்பே இருக்காது என்று அவருக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

முறைப்படி ஆய்வின் எல்லையை முதலில் வகுத்துவிடுகிறேன். வடக்கே ஐஸ்பெட்டி, கிழக்கே அரிசிப் பானை, தெற்கே பாத்திரம் கழுவும் தொட்டி, மேற்கே சாமி மேடை. மேற்கெல்லையை மீன் தாண்டக் கூடாது என்பது அம்மாவின் சட்டம். காலம், ஆவணி மாதம். ஆய்வாளர் மூவர், அவர்களில் ஒருவர் தொடக்கம் முதலே எதிர்க்கட்சி.

களத்தின் பெயரையும் ஆராய வேண்டும். புக்கிட் என்றால் மலாயில் குன்று; ரோத்தான் என்றால் பிரம்பு. எங்கள் தலைமுறைக்கு ரோத்தான் என்பது கொடியல்ல, வாத்தியார் மேசைமேல் கிடந்த ஆயுதம். அப்படிப்பட்ட ஊரில் பிறந்தவன் நிறுவப்பட்ட கருத்துகளை எதிர்த்துப் பேசத் தயங்குவது இயல்பே. ஆனால் இதே கோலசிலாங்கூர் மாவட்டத்தில் ஆசாம் ஜாவா என்றும் ஓர் ஊர் இருக்கிறது. ஆசாம் ஜாவா என்பது நம் புளியேதான். ஓர் ஊருக்கே புளி என்று பேர் வைத்த மண்ணில், புளிப்பைக் கொண்டு மீனைப் பக்குவப்படுத்தலாமா என்று கேட்பது அந்நிய மோகம் ஆகாது. முதல் வாதம் இத்துடன் நிறுவப்பட்டது.

முன்னாய்வுகளுக்கு வருவோம். சபாவின் கடசான் டூசுன் மக்கள் இதை ஹினாவா என்கிறார்கள். தெங்கிரி, எலுமிச்சைச் சாறு, சின்ன வெங்காயம், இஞ்சி, சிலிப் பாடி, பல வீடுகளில் பாகற்காய்ச் சீவலும் உண்டு. கடைசியாகப் பம்பாங்கான் என்னும் காட்டு மாங்காயின் கொட்டையைத் துருவிப் போடுவார்கள். இதை மகள் சொன்னதும் அம்மா நிமிர்ந்தார். “மாங்கொட்டையா? அது வயித்தால போனா குடுக்கிறதாச்சே!” மாங்கொட்டைப் பருப்பு வயிற்றுப்போக்குக்கு நாட்டு மருந்து என்பது உண்மை. நோயை எதிர்பார்த்து மருந்தையும் உள்ளேயே வைத்துவிடுகிறார்கள் என்று அவர் முடிவு கட்டினார். மானிடவியலார் யாரும் இந்தக் கோணத்தில் எழுதியதாக நான் பார்த்ததில்லை.

சரவாக்கின் மெலனாவ் மக்களுக்கு இதே பண்டம் உமாய். சவ்வரிசியோடு சேர்த்துத் தின்பார்கள். பிலிப்பைன்ஸில் கினிலாவ், அங்கே காடிக்குத்தான் முதலிடம். சீனப் பெருநாளில் நாம் எல்லாரும் ஒரு மேசையைச் சுற்றி நின்று கோலைத் தூக்கித் தூக்கிக் கிளறும் யீ சாங்கிலும் பச்சை மீன் உண்டு, மேலே பிழிந்த எலுமிச்சையும் உண்டு. அது சிரம்பானில் பிறந்ததா, 1964-இல் சிங்கப்பூரில் பிறந்ததா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. ஆபீசில் முதலாளி நீட்டும் யீ சாங்கை வாய் கொள்ளாமல் தின்றுவிட்டு, வீட்டில் மகள் செய்தால் முகத்தைச் சுளிக்கும் தமிழர் மனநிலை தனி ஆய்வுக்குரியது.

இத்துறையின் பேரரசு பெரு நாடு. அங்கே இதன் பெயர் செவிச்சே. ஆண்டுதோறும் ஜூன் 28 அதற்கு என்றே ஒரு நாள். 2023-இல் யுனெஸ்கோவும் தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் ஏற்றுக்கொண்டது. ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். எலுமிச்சைக் குடும்பத்தின் பூர்வீகம் இமயமலை அடிவாரப் பக்கம். அமெரிக்கக் கண்டத்தில் அது கிடையாது. 1493-இல் கொலம்பஸ் இரண்டாம் பயணத்தில் விதை கொண்டுபோன பிறகுதான் அங்கே முளைத்தது. ஆகவே பெருவின் தேசிய உணவில் மீன் அவர்களுடையது, புளிப்பு நம் பக்கத்துச் சரக்கு. ராயல்டி கேட்கலாம்.

இதைவிடப் பெரிய கண்டுபிடிப்பு ஒன்று உண்டு. மீன் ஊறி முடிந்ததும் கிண்ணத்தின் அடியில் பால் போலக் கலங்கிய ஒரு சாறு தேங்கும். பெருக்காரர்கள் அதைத் தம்ளரில் ஊற்றித் தனியாகக் குடிப்பார்கள். அதற்கு அவர்கள் மொழியில் பெயர் லெச்சே தெ திக்ரே. பொருள், புலிப்பால்! தலைவலி என்று பொய் சொன்ன ராணிக்காக ஐயப்பன் காடு புகுந்து, பாலோடு புலியையும் ஓட்டிக்கொண்டு வந்த கதை நமக்குத் தெரியும். பந்தள நாட்டுக்கும் பெருவுக்கும் கப்பல் போக்குவரத்து இருந்ததாக நான் வாதாடப் போவதில்லை. அப்படி வாதாட ஆட்கள் தனியே இருக்கிறார்கள். என் கருதுகோள் எளிமையானது. மீனில் ஊறியது புளிப்பால். எங்கோ ஓர் ஏட்டில் ளகரம் லகரமாகி அது புலிப்பாலாகிவிட்டது. ஒற்றை எழுத்துப் பிழையில் ஒரு மிருகம் உள்ளே வந்துவிட்டது. தமிழ் வாத்தியார் பக்கத்தில் இல்லாததன் விளைவு.

இனிச் சொல்லாராய்ச்சி. இங்கேதான் அம்மாவும் மகளும் மோதிக்கொண்டார்கள், இருவருமே தமிழை ஒழுங்காகப் பார்க்காததால். ‘பச்சை மீன்’ என்று மீன்காரர் கூவினால் அது புகழ்ச்சி: கருவாடு இல்லை, நேற்றுப் பிடித்தது இல்லை. ‘பச்சை மீனா?’ என்று வீட்டில் கேட்டால் அது வசை. அதே சொல், அதே மீன். நடுவில் ஒரு வாசற்படி. சரி, வெந்ததா? வேகவில்லை. வேதலுக்குச் சூடு வேண்டும், இதில் அம்மா சொல்வதே சரி. ஆனால் சமைந்ததா? சமைதல் என்றால் பக்குவப்படுதல், ஆயத்தமாதல். பெண் சமைந்தாள் என்கிறோம். அவளை யாரும் அடுப்பில் ஏற்றவில்லை. மண்ணால் சமைத்த பானை என்றால் பானையைத் தாளித்தோம் என்று பொருளல்ல. ஆகவே இந்த மீன் வேகாமல் சமைந்த மீன். இருபது நிமிஷத்தில் ‘வெந்துரும்’ என்று சொன்னது மகளின் பிழை. ‘சமைஞ்சிரும்’ என்று சொல்லியிருந்தால் பாதிச் சண்டை மிச்சம்.

மீதிப் பாதிக்கு நம் சித்தாந்த நூல்கள் காட்டிய வழிதான்: முதலில் பரபக்கம், பிறகு சுபக்கம். பரபக்கம் அம்மாவுடையது. பச்சையாகத் தின்பது மிருகம். மனுஷனுக்கு வயிறு ஒத்துக்காது. அண்டை அசல் என்ன சொல்லும். மூன்றாவதே அவருடைய முக்கிய வாதம் என்பது குரலிலிருந்து தெரிந்தது.

சுபக்கம் இது. ஊறுகாய்ச் சாடியில் கிடக்கும் எலுமிச்சையை யார் வேகவைத்தார்கள்? உப்பும் வெயிலும். அதை ஆயுள் முழுக்கத் தின்றோம், அண்டை அசல் ஒன்றும் சொல்லவில்லை. இரண்டு, கெராங். சுடுதண்ணீரில் ஒரு முக்கு முக்கியெடுத்து, ஓட்டைப் பிளந்ததும் ரத்தம்போல் சிவப்பாக வழிய வழிய, சம்பல் தொட்டு அம்மா உறிஞ்சுவார். ஒரு தட்டு போதாது. இதை மகள் எடுத்துச் சொன்னதும், “அது கெராங், இது மீனு” என்றார் அம்மா. தர்க்க நூலில் இதற்குப் பெயர் இல்லை. நம் வீடுகளில் இது அடிக்கடி வெற்றி பெறும் வாதம்.

மூன்றாவதுதான் என் ஆய்வின் உயிர். மீன் பொரிக்கும் முன் தமிழ் வீட்டில் என்ன நடக்கிறது? கழுவிய துண்டில் உப்பு, மஞ்சள், மிளகாய்த்தூள். மேலே அரை எலுமிச்சை. அரை மணி நேரம் மூடி வைப்பது. மீன் வாடையைத் தருவது டிரைமெத்திலமைன் என்னும் காரப்பொருள். புளிப்பு அதைக் கட்டிப்போட்டுக் காற்றில் எழும்பவிடாமல் செய்கிறது. கூடவே புரதச் சுருள்களைக் குலைத்து, ஒன்றோடொன்று ஒட்டவைத்து, சதையை இறுக்கி வெளுக்க வைக்கிறது. சூடு செய்வதும் இதே குலைப்புத்தான். அதாவது புக்கிட் ரோத்தானில் ஒவ்வொரு வீட்டிலும் பாதி ஹினாவா அன்றாடம் தயாராகிறது. பிறகு நமக்குத் தைரியம் போய், எண்ணெய்ச் சட்டியில் போட்டுவிடுகிறோம். அறுபது வருஷமாக அம்மா செய்துவருவது முடிக்கப்படாத ஹினாவா. இதை அவரிடம் சொன்னபோது, “நான் எதையும் பாதியில விட்டதில்ல” என்றார்.

ஆனாலும் அம்மா பக்கம் ஒரு நியாயம் இருக்கிறது. ஆய்வாளன் மறைக்கக் கூடாது. புளிப்பு சதையை வெளுக்க வைக்குமே தவிர, கடல் மீனில் இருக்கக்கூடிய அனிசாக்கிஸ் புழுவைக் கொல்லாது. அதைக் கொல்வது சூடு, இல்லாவிட்டால் கடுங்குளிர்: மைனஸ் 20 டிகிரியில் 7 நாள். வீட்டு ஐஸ்பெட்டியின் மேல்தட்டு பெரும்பாலும் மைனஸ் 18-ஓடு நின்றுவிடும். ஆற்று மீன், குளத்து மீன் பக்கமே போகக் கூடாது. 2015-இல் சிங்கப்பூரில் கஞ்சியோடு பச்சை நன்னீர் மீன் தின்றவர்கள் ஸ்டிரெப்டோகாக்கஸ் கிருமியால் படுத்தார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் அங்கே கடைகளில் அதைப் பச்சையாகப் பரிமாறத் தடை வந்துவிட்டது. ஈரக்குலைப் புழு வேறு உண்டு. ஈயக்குட்டையில் பிடித்த கெலி மீனை எலுமிச்சையில் ஊறப்போடலாமா என்று எதிர்வீட்டுக்காரர் கேட்டார். அவரை உட்காரவைத்துப் பேச வேண்டியதாயிற்று.

ஆனால் அவரிடம்தான் மைனஸ் 22 காட்டும் பெட்டி ஃப்ரீசர் இருந்தது. ஆகவே சோதனைக்குப் பத்து நாள் முன்பே பாசிர் பெனாம்பாங்கில் மீன் வாங்கினேன். அளவைகள் மூன்று: காட்சி, கருதல், உரை. காட்சி: கண் துருத்திக்கொண்டு தெளிவாக இருந்தது, செவுள் ரத்தச் சிவப்பு. கருதல்: கட்டை விரலால் அழுத்தினேன், குழி உடனே எழும்பியது, ஆகவே செத்து வெகுநேரமில்லை. உரை: “இன்னிக்குப் பிடிச்சது பாஸ்” என்றார் மீன்காரர். மூன்றாவதை நான் கணக்கில் சேர்க்கவில்லை. வாங்கிய மீன் எதிர்வீட்டு ஃப்ரீசருக்குப் போனதும் அம்மா புதிய ஆட்சேபம் எழுப்பினார்: “பச்சை மீன்னு சொல்லிட்டு ஐஸ் மீனையா திங்கப் போறீங்க?” பதில் சொல்ல முடியவில்லை. பக்கக் குறிப்பாக விட்டுவைத்தேன்.

இப்போது அந்த ஞாயிற்றுக்கிழமைக்குத் திரும்புவோம். மகள் சீவிய துண்டுகள் ஐம்பது காசு கனம். கடிகாரம் பார்க்க வேண்டியிருக்கவில்லை. அம்மாவின் நாடகம் கூடத்தில் ஓடிக்கொண்டிருந்தது, விளம்பரங்களே அளவுகோல். தொடக்கத்தில் துண்டு ஈரக் கண்ணாடி மாதிரி, கிண்ணத்தின் பூ அதன் வழியே தெரிந்தது. முதல் விளம்பரத்தில் ஓரம் மட்டும் வெளுத்து, தோசை வேகும்போது சுற்றிலும் நிறம் மாறுமே, அப்படி ஒரு கோடு உள்நோக்கி நகர்ந்தது. இரண்டாம் விளம்பரத்தில் பூ மறைந்துவிட்டது. நாடகத்தில் மாமியார் கண்ணீர் விட்டபோது துண்டு முழு வெள்ளை, நடுவில் மட்டும் ஒரு நூலளவு பளபளப்பு. மகள் சட்டென்று வடித்தாள். வடிக்க மறந்து கிண்ணத்து ஓரத்தில் ஒட்டியிருந்த ஒரு துண்டை இரண்டு மணி நேரம் கழித்துக் கண்டெடுத்தேன். அவித்த முட்டை வெள்ளைக்கரு காய்ந்தது போலிருந்தது, வாயில் மாவாக உதிர்ந்தது.

வெங்காயம், இஞ்சி, சிலிப் பாடி, உப்பில் பிசைந்து பிழிந்த பாகற்காய் எல்லாம் கலந்தாயிற்று. பம்பாங்கானுக்குப் பதில் கிளிமூக்கு மாங்காய்த் துருவல். அம்மா முதல் துண்டை நுனிப்பல்லால் கடித்தார். “காரம் பத்தல.” இரண்டாவது. “புளிப்பு சரி.” மூன்றாவது துண்டுக்குப் பிறகு எழுந்துபோய்ச் சோற்றைப் போட்டுக்கொண்டு வந்தார், தயிரோடு. தட்டின் இடப்பக்க ஓரத்தில், ஊறுகாய் வைக்கும் இடத்தில், ஹினாவாவை ஒரு கரண்டி வைத்தார்.

இது வகைப்பாட்டியலில் ஒரு திருப்புமுனை. ஊறுகாய் வினைத்தொகை என்பது பள்ளிப் பாடம். அப்படியானால் இது ஊறுமீன். முதல் விளம்பரத்துக்கு முன் அது ஊறும் மீன், மாமியார் அழும் வரை ஊறுகின்ற மீன், வடித்தபின் ஊறிய மீன். முக்காலமும் இருபது நிமிஷத்தில் அடங்கிவிடுகிற வேறொரு பண்டம் இலக்கணத்தில் இருப்பதாகத் தெரியவில்லை. கொக்கு காத்திருந்த உறுமீன் வேறு. அதற்குக் குறில், இதற்கு நெடில்.

கிண்ணத்தடியில் தேங்கிய புலிப்பாலை மகள் சின்ன தம்ளரில் ஊற்றிப் பாட்டியிடம் நீட்டினாள். அவர் முகர்ந்து பார்த்தார். மேற்கே சாமி மேடையில் இருந்த ஐயப்பன் படத்தை ஒரு பார்வை பார்த்தார். பிறகு தம்ளரை என் பக்கம் தள்ளிவிட்டார். நான் குடித்தேன். காது வரைக்கும் சுரீர் என்றது.

இரண்டாம் கட்டச் சோதனையில் எலுமிச்சைக்குப் பதில் லிமாவ் கஸ்தூரி, கொஞ்சம் தேங்காய்ப்பால் என்று அம்மாவே திட்டம் வகுத்தார். அதற்கான தெங்கிரியும் வாங்கி எதிர்வீட்டு ஃப்ரீசரில் வைத்தாயிற்று. வைத்த மூன்றாம் நாள் புரட்டாசி பிறந்துவிட்டது. வீட்டில் இனி மாதம் முடியும்வரை கவிச்சி கிடையாது. சோதனை ஐப்பசிக்கு ஒத்திவைக்கப்பட்டிருக்கிறது. 7 நாள் என்ற நிபந்தனை தாராளமாக நிறைவேறிவிடும். எதிர்வீட்டுக்காரர் மட்டும் தினமும் வாசலில் நின்று, அந்த மீனை அவர் பொரித்துத் தின்னலாமா என்று கேட்கிறார்.