கவிதைக்கு மேசை போட்டவர்கள்

கேள்வி: புதுக்கவிதையை வளர்த்தவர்கள் கவிஞர்களா, பத்திரிகை ஆசிரியர்களா?
– வாசகர், ரிங்லெட், கேமரன் மலை

பதில்: எழுதியவர்கள் கவிஞர்கள், எழுதினால் அச்சேறும் என்ற தைரியத்தைக் கொடுத்தவர்கள் ஆசிரியர்கள். அமெரிக்காவில் ஹாரியட் மன்றோ 1912இல் சிகாகோவில் 'பொயட்ரி' இதழைத் தொடங்கினார். லண்டனிலிருந்து கவிஞர் எஸ்ரா பவுண்ட் அனுப்பிய டி.எஸ். எலியட்டின் 'புரூஃபிராக்' கவிதையைப் போடத் தயங்கியவரும் அவர்தான். 1915 ஜூனில் போட்டவரும் அவர்தான்.

தமிழில் அந்த இடம் சி.சு. செல்லப்பாவுடையது. 1959 ஜனவரியில் சென்னையில் 'எழுத்து' தொடங்கியபோது அவர் மனத்தில் இருந்தது விமர்சனம். ஆனால் முதல் இதழில் ந. பிச்சமூர்த்தியின் 'பெட்டிக்கடை நாரணன்' கவிதை வந்ததும் இளைஞர்கள் பேனாவை எடுத்துவிட்டார்கள். திருகோணமலையிலிருந்து தருமு சிவராமு எழுதினார். பசுவய்யா, வைதீஸ்வரன், சி. மணி வந்து சேர்ந்தார்கள். மரபுப் புலவர்களின் எதிர்ப்பு பலமாக இருந்தது. செல்லப்பா அசரவில்லை. 1962இல் 24 பேரின் கவிதைகளைத் தொகுத்துப் 'புதுக்குரல்கள்' வெளியிட்டார். புத்தகக் கட்டைத் தாமே சுமந்து கல்லூரி கல்லூரியாகப் போய் விற்றார். அந்த உழைப்பு இல்லையேல் இந்தக் கவிதை மரபு இத்தனை சீக்கிரம் வேர்விட்டிருக்காது.

மலேசியாவில் 1964இல் சி. கமலநாதன் புதுக்கவிதைக்குப் பிள்ளையார் சுழி போட்டார். அது தோட்டப்புற வாசகர் வரை பரவியதில், 1977இல் வந்த 'வானம்பாடி' வார இதழுக்கும் அதன் ஆசிரியர் ஆதி குமணனுக்கும் பெரும் பங்கு உண்டு. பெயர் தெரியாத இளைஞர்களுக்கும் அவர் பக்கம் ஒதுக்கினார்.