பேரன் பெயர்த்தது போக மிச்சம்

ஆக்ராவில் ஷாஜஹான் மனைவிக்குச் சமாதி எழுப்பிக்கொண்டிருந்த அதே காலத்தில், மதுரையில் திருமலை நாயக்கர் தான் குடியிருக்க மகால் கட்டினார். 1636. இதில் புத்திசாலி யார் என்று நான் சொல்லமாட்டேன். மதுரைக் கோச்சடைக்காரன் சொன்னால் ஊர்ப்பாசம் என்பார்கள்.

வளைவுகளைப் பார்த்தால் சுல்தான் வீட்டுச் சாயல். மேலே அண்ணாந்தால் யாளி. தூண் ஒவ்வொன்றும் அவ்வளவு பெரிசு. கட்டிப்பிடிக்க ஒரு குடும்பமே கைகோக்க வேண்டும். செங்கல்லின் மேல் பூசிய சுண்ணாம்புச் சாந்தில் முட்டை வெள்ளைக்கரு கலந்தார்களாம். அந்த வருஷங்களில் மதுரைச் சீமையில் எந்தக் கோழியாவது குஞ்சு பார்த்திருக்குமா, சந்தேகம்தான்.

ஷாஜஹானின் மகன் ஔரங்கசீப் 1658-இல் அப்பாவைச் சிறையில் வைத்தார். அப்பா கட்டியதை விட்டுவிட்டார். திருமலையின் பேரன் சொக்கநாதர் மரியாதை தெரிந்தவர். 1659-இல் தாத்தா கண்ணை மூடியபிறகுதான் கைவைத்தார். தலைநகரைத் திருச்சிக்கு மாற்றியபோது அரண்மனையையும் பெயர்த்து ஏற்றிக்கொண்டு போனார். வீடு மாறும்போது நாம் ஃபேனைக் கழற்றுவோம். அவர் கூரையைக் கழற்றினார். அரண்மனைப் பகுதிகளில் ரங்க விலாசம் போயே போச்சு. சொர்க்க விலாசமும் நாடகசாலையுமாக நாலில் ஒரு பங்கு தேறியது. விளக்குத்தூண் பக்கத்துச் சந்தில், ஜவுளிக்கடைகளுக்கு நடுவே இன்னும் பத்துத் தூண் நிற்கிறது. பெயர்க்க வந்த ஆட்களுக்குக் கூலி பாக்கி வைத்திருப்பார்கள்.

அப்புறம் வந்தார் நேப்பியர் பிரபு, 1866 முதல் 1872 வரை சென்னை கவர்னர். பணம் ஒதுக்கி, விரிசலை அடைத்து, மகாலை நிமிர்த்தினார். மன்னர் கொலுவிருந்த இடத்தில் ஜில்லா கோர்ட் உட்கார்ந்தது. 1970 வரை டவாலிக்காரர் மூன்று தரம் பேர் சொல்லிக் கூப்பிட்டதெல்லாம் இந்தத் தூண்களுக்கு நடுவேதான். பங்காளிச் சண்டையை விசாரிக்க, பேரன் இடித்த வீட்டைவிடப் பொருத்தமான இடம் ஏது? அரசர்களை நம்பியிருந்தால் மிச்சமும் திருச்சிக்குப் போயிருக்கும். மகாலைக் காப்பாற்றியது நம்மாள்களின் வரப்புத் தகராறு.

வக்கீல்கள் போனபின் சினிமாக்காரர்கள் வந்தார்கள். ‘பம்பாய்’ படத்தில் மனீஷா கொய்ராலா பாடி ஆடிய கல்யாண வீடு இதுதான். அதற்கு முன்பே, 1981-இல், சுற்றுலாப் பயணிகளுக்கு ஒலி-ஒளிக் காட்சி போட்டார்கள். என்ன கதை? சிலப்பதிகாரம். கோர்ட் காலி செய்துவிட்டுப் போன இடத்தில், விசாரணையே இல்லாமல் தலையை வாங்கிய பாண்டியன் கதை! ஜட்ஜ் ஐயா அங்கேயே இருந்திருந்தால் கோவலனுக்கு ஒரு வாய்தாவாவது கிடைத்திருக்கும்.