மேஸ்திரி ஊட்டுப் பொட்டி

கண்ணு, துரினுக்குப் படிக்கப் போறயாமா. நல்லாப் போய்ட்டு வா. ஒரு மாசமா ஊரே உனக்குப் புத்தி சொல்லிட்டு இருக்குது. குளுருக்குக் கம்பளி எடுத்துக்கோ, பருப்புப்பொடி கட்டிக்கோ, வெள்ளக்காரப் புள்ளைகளப் பாத்துப் பல்லக் காட்டாதேன்னு. அதுலயெல்லாம் அப்பாரு தலையிட மாட்டேன், பல்லு உன்னுது. ஆனா அந்த ஊர்ல ஒரு மியூசியம் இருக்குது. எகிப்து தேசத்துப் பழம்பண்டமா அடுக்கி வெச்சிருக்கறாங்க. உன்ற அக்கா என்னயக் கூட்டிட்டுப் போயிக் காதுக்குள்ள ஒண்ணொண்ணாச் சொல்லிக் காட்டுனா. அதுக்குள்ள எப்படி நடக்கோணுங்கறத மட்டும் கேட்டுக்கோ.

இத்தாலிக்காரனுக்கும் எகிப்துக்கும் என்ன ஒறவுன்னு டிக்கெட்டுக் குடுக்கற புள்ளகிட்டக் கேட்டு வெக்காதே. பாவம், அதுக்கு வரிசையப் பாக்கறதே பெரும்பாடு. நானே சொல்லிப்போடறேன். பெர்னார்டினோ துரோவெட்டின்னு ஒரு ஆளு. பொறந்தது துரின் பக்கத்துச் சீமையில, சம்பளம் வாங்குனது பிரான்சுக்காரங்ககிட்ட, உக்காந்திருந்தது எகிப்துல கான்சல் நாற்காலியில. அப்ப அந்த நாட்ட ஆண்ட முகமது அலி பாஷாவுக்கு ரொம்ப வேண்டியவரு. அந்தச் செல்வாக்க வெச்சுக்கிட்டு ஆளுகள உட்டுத் தோண்டு தோண்டுன்னு தோண்டி, சிலை, சவப்பொட்டி, பாப்பிரஸ் சுருளுன்னு குமிச்சுட்டாரு. இங்கிலீசுக்காரங்க கான்சல் ஹென்றி சால்ட்டும் அதே சோலியத்தான் பாத்தாரு. ரெண்டு பக்கத்து ஆளுகளும் 1818-ல கர்னாக்குல அடிதடி வரைக்கும் போனாங்க. அடுத்தவன் பூமிக்கு அக்கட்டாலிருந்து வந்தவங்க ரெண்டு பேரு வரப்புச் சண்டை போட்டுக்கிட்டா, பூமிக்காரன் கூலிக்குத்தானே நிக்கோணும்? அப்படித்தான் நின்னான்.

துரோவெட்டி அந்தச் சரக்க மொதல்ல பிரான்சு ராசாவுக்கு விலை பேசுனாரு. அவிய வேண்டாம்னுட்டாங்க. 1824-ல துரின்ல இருந்த சவாய் வம்சத்து ராசா கார்லோ பெலிச்சே 400,000 லீரா எண்ணி வெச்சு, ஐயாயிரத்துக்கு மேல உருப்படிகள வாங்கிப் போட்டாரு. மியூசியம் பொறந்தது அப்பத்தான். இன்னிக்கு அங்க இருக்கறது ஏறத்தாழ 40,000 பண்டம். ஒறவு என்னன்னு கேட்டா, வாங்குன ஒறவு.

ராசாக்க சிலை நிக்கற கூடத்துக்குப் போனயின்னா மொகத்தையே அண்ணாந்து பாத்துட்டு நிக்காதே. சித்தே பக்கவாட்டுல, பீடத்துல எல்லாம் கண்ண ஓட்டு. ழான் ழாக் ரிஃபோன்னு துரோவெட்டிக்கு ஒரு கையாளு. 1818-ல இதக் கண்டுபுடிச்சவன் நாந்தான்னு, சில சிலைகள்ல உளி வெச்சுத் தன்ற பேர வெட்டிப் போட்டிருக்கறாரு. மூவாயிரம் வருசத்துக்கு மேல பழசான கல்லு. நம்மூரு மலைக்கோயில் பாறையில பேரெழுதற பசங்கள எத்தனை பேச்சுப் பேசியிருப்பேன்! இனிப் பேசறதா இல்ல. பெயிண்டுல எழுதுனா அழுக்கு, உளியில வெட்டுனா ஆவணம். இது தெரியாமத்தான் அவனுக பொழப்பு இப்படிக் கெடக்குது.

அப்பறம் சிங்க மொகத்தோட ஒரு சாமி, செக்மெட்டுன்னு பேரு. மூணாம் அமென்ஹோதெப்புங்கற ராசா அந்த அம்மனுக்கு நூத்துக்கணக்குல சிலை அடிச்சு வெச்சிருக்கறாரு; அதுல 21 இங்க வந்து வரிசையா இருக்குது. ஒருத்தி கோவத்தையே ஊரு தாங்காது. சனம் ஒவ்வொருத்தி பக்கத்துலயும் நின்னு போட்டோ எடுக்குது. நீ ஒரு கும்புடு போட்டுட்டு நகரு. அசுவான் அணைத் தண்ணியில முழுகிப் போகாம இருக்கட்டும்னு எகிப்துக்காரங்களே இத்தாலிக்குக் குடுத்த ஒரு குடைவரைக் கோயிலும் இருக்குது, எல்லேசியான்னு. 66 துண்டா அறுத்துக் கொண்டாந்து ஒட்ட வெச்சிருக்கறாங்க. அதுக்குள்ள நின்னு மூச்சு வாங்கிக்கோ. ரசீதக் கேட்டாக் கூச்சப்படாமக் காட்டக்கூடிய பண்டம் அது.

ராசாக்க பட்டியல் எழுதுன ஒரு சுருளு இருக்குது. எகிப்து எழுத்த மொதமொதல்லப் படிச்ச ஷாம்போலியான் 1824-ல வந்து பாத்தப்ப அது சுக்குநூறாக் கெடந்துச்சாம். இன்னிக்கும் ஓட்டை ஓட்டையாத்தான் இருக்குது. யாருக்குப் பொறகு யாரு ஆண்டா, எத்தன வருசம் ஆண்டான்னு சரித்திரக்காரங்க இத வெச்சுத்தான் பெரும்பாடு பட்டுக் கணக்குப் போடறாங்க. நீ அதுக்கு முன்னால பயபக்தியா நிக்கறதுக்கு முந்தி ஒண்ணத் தெரிஞ்சுக்கோ. அந்தச் சுருளோட முன்பக்கத்துல இருக்கறது வரிக்கணக்கு. வரிக்கணக்கு முடிஞ்ச பொறகு, காலியாக் கெடந்த பின்பக்கத்துலதான் அத்தன ராசாக்களையும் சாமிகளையும் எழுதி வெச்சிருக்கறான். எழுதுன கணக்கப்புள்ள யாரோ, அவனுக்கு எது முன்பக்கம்னு நல்லாத் தெரிஞ்சிருக்குது.

இத்தனையும் வேகமாக் கடந்து போ. உன்ற காலு நிக்க வேண்டிய எடம் வேற. கா-ன்னு ஒரு மேஸ்திரி. பேரே அவ்வளவுதான், ஒத்தெழுத்து. 3,400 வருசத்துக்கு முந்தி, தேர் எல் மெதினாங்கற கிராமத்துல இருந்தவரு. அந்த ஊரு சனத்துக்குப் பொழப்பே ராசாக்களுக்குக் கல்லறை தோண்டறதுதான். கா மேஸ்திரி மூணு ராசா காலத்துல அந்த வேலைய மேப்பார்வை பாத்தவரு. தான் தோண்டிக் குடுக்கற ராசாக் கல்லறையத் திருடன் தேடி வருவான்னு அந்த ஊருக்குத் தெரியாம இல்ல. மேஸ்திரி என்ன பண்ணாரு? கும்பிடற சமாதிக் கோயில ஊரறிய ஒரு பக்கம் கட்டுனாரு. குழிய மட்டும் சத்தமில்லாம எதுத்த பாறைச் சரிவுல தோண்டி வெச்சுக்கிட்டாரு. கோயிலச் சுத்திச் சுத்தித் தேடுனவனெல்லாம் வெறுங்கையோட போனான். ராசாவுக்குக் குழி தோண்டறவனுக்குத் தெரியாதா, திருடன் எங்க தோண்டுவான்னு?

1906-ல துரின் மியூசியத்து டைரக்டரு எர்னெஸ்டோ ஸ்கியாபரெல்லி நூத்துக்கணக்குல ஆள உட்டு அந்தச் சரிவக் கொத்துனப்ப, மூடுன மேனிக்கே கல்லறை கெடச்சுச்சு. கெய்ரோவுல பழம்பொருள் இலாகாவுக்குத் தலைவரா இருந்த பிரெஞ்சுக்காரரு மாஸ்பெரோ கொஞ்சத்த மட்டும் அங்க நிறுத்திக்கிட்டு மிச்சத்த எடுத்துட்டுப் போன்னுட்டாரு. குடுத்தது பிரெஞ்சுக்காரன், வாங்குனது இத்தாலிக்காரன், மூட்டை தூக்குனது எகிப்துக்காரன். எல்லாம் சட்டப்படி.

அந்தப் பண்டங்களத்தான் நீ நிதானமாப் பாக்கோணும். மேஸ்திரியும் அவரு சம்சாரம் மெரிட்டும் ஊட்டுல என்னென்ன வெச்சுப் பொழங்குனாங்களோ அத்தனையும் இருக்குது. கட்டிலு, முக்காலி, துணிப்பொட்டி, தாயம் மாதிரி ஆடற செனெட்டுப் பலகை, விதவிதமா ரொட்டி, பூண்டு, வெங்காயம், பேரீச்சை, சீரகம், உப்புப் போட்ட கறி. உங்க ஊட்டுச் சமையக்கட்டுல இன்னிக்கு நான் கேட்டாக் கெடைக்காத பண்டமெல்லாம் செத்துப் போனவனுக்குக் கட்டிக் குடுத்திருக்கறாங்க. நான் யாரையும் குத்திச் சொல்லல.

துணிப்பொட்டிகள்ல இருந்தது இன்னும் வெசேஷம். சட்டை 26, குளுருக்குப் போடற அங்கி 17, அப்பறம் முக்கோணமா வெட்டித் தெச்ச அரைத்துணி ஒரு அம்பது. நம்ம கோமணத்துக்குச் சித்தப்பன் மொறை ஆகோணும். துணிக வெளுக்கப் போனா மாறிடக் கூடாதுன்னு காவோட அடையாளமும் போட்டிருக்குது. மேலோகத்துலயும் வண்ணான் மாத்திக் குடுத்துடுவான்னு பயந்திருக்கறாரு மனுசன். நீ போற காலேஜ் ஆஸ்டல்ல துணிய ஒரே மெசினுல போட்டு எடுப்பீங்களாமே, உன்ற துணியிலயும் ஒரு அடையாளம் போட்டுக்கோ. மூவாயிரம் வருசம் கழிச்சு எவனாவது கண்ணாடிப் பொட்டியில வெச்சா, உன்னுதுதான்னு ஊருக்குத் தெரிய வேண்டாமா?

மெரிட்டம்மா தலைக்கு வெக்கற சவுரி தனி மரப்பொட்டிக்குள்ள அப்படியே இருக்குது, மனுசத் தலமுடியில பண்ணுனது. மையிடற புட்டிக இருக்குது. உன்ற அக்காகாரி அங்கயே நின்னுட்டா. அந்தம்மா சின்ன வயசுலயே, மேஸ்திரிக்கு முந்தியே போய்ட்டா. அவளுக்குன்னு பொட்டி எதுவும் தயாரா இல்ல. மேஸ்திரி தனக்குன்னு செஞ்சு வெச்சிருந்த சவப்பொட்டியக் குடுத்திருக்கறாரு. அது அவ ஒடம்புக்குப் பெருசு. சந்துல எல்லாம் துணிய அடைச்சிருக்கறாங்க. இத மட்டும் நான் கேலி பண்ண மாட்டேன். ரெண்டு பேரு கட்டையும் இன்னிக்கு வரைக்கும் துணியப் பிரிக்காமத்தான் வெச்சிருக்கறாங்க, எக்ஸ்ரே புடிச்சுப் பாத்ததோட சரி.

மேஸ்திரிக்கு ராசா குடுத்த தங்கத்தகடு போட்ட முழக்கோலு ஒண்ணு இருக்குது. பள்ளிக்கூடத்துப் புள்ளைகெல்லாம் அதுக்கு முன்னாலதான் மொய்க்கும். அவரு நெசமா வேலைக்கு எடுத்துட்டுப் போனது மடக்கற மரக்கோலு, தோலு ஒறையோட. அத ஒருத்தனும் திரும்பிப் பாக்கல. ஆசாரியா இருந்தாத் தெரியும்.

வாயக் கட்டுன சாடிக வேற இருக்குது. அதத் தொறக்காமயே உள்ள என்ன இருக்குதுன்னு கண்டுபுடிக்கப் பீசா பல்கலைக்கழகத்து வேதியியல்காரங்க, சாடிகளப் பிளாஸ்டிக் பைக்குள்ள சில நாளு போட்டு வெச்சு, அதுலேர்ந்து கெளம்புன வாசத்த மெசினுல உட்டுப் பாத்தாங்க. 2022-ல முடிவு வந்துச்சு: தேன்மெழுகு, காஞ்ச மீனு, இன்னும் என்னென்னமோ. மூடி போட்ட சட்டியில கருவாடு இருக்குதுன்னு உன்ற ஆத்தா தெரு முக்குலயே சொல்லிப்போடுவா. ஆனா அவளுக்கு எவன் பட்டம் குடுக்கறான்?

அதே கிராமத்துலேர்ந்து வந்த இன்னொரு சுருளையும் தேடிப் பாரு. கா மேஸ்திரிக்கு ஏறத்தாழ இருநூறு வருசம் கழிச்சு, மூணாம் ராம்செஸ் ஆட்சியில 29-வது வருசம். அந்த ஊருக்கு மாசக் கூலி தானியமாத்தான் அளப்பாங்க. ஒரு ஆளுக்கு மாசத்துக்கு நாலு மூட்டை கோதுமை, ஒண்ணரை மூட்டை பார்லி. கோதுமை ரொட்டிக்கு, பார்லி பியருக்கு. அந்த வருசம் கூலி வரல. 18 நாளு பாத்தாங்க. அப்பறம் கருவியக் கீழ வெச்சுட்டு, காவல் சுவரத் தாண்டிப் போயிக் கோயிலுக்குப் பின்னால உக்காந்துட்டாங்க. பசிக்குது, துணியில்ல, எண்ணெயில்ல, மீனில்ல, காயில்ல, ராசாவுக்கு எழுதுன்னு கேட்டிருக்கறாங்க. அதிகாரிக வந்து கெஞ்சுனாங்க, வாக்குக் குடுத்தாங்க. இவங்க அடுத்த நாளும் வேற கோயில்ல போயி உக்காந்தாங்க. பழைய மாசத்துக் கூலிய அளந்த பொறகும் அடங்கல. நடப்பு மாசத்துக்கும் அளக்க வெச்சுட்டாங்க. எழுத்துல பதிஞ்ச வேலைநிறுத்தத்துலயே இதுதான் மொதல்லுங்கறாங்க. அத்தனையும் நாளு தேதி போட்டு எழுதி வெச்சது அமெனாக்துன்னு அந்த ஊருக் கணக்கப்புள்ள. யாரு பக்கம் நிக்கறான்னே காட்டிக்காம எழுதியிருக்கறான். பொழைக்கத் தெரிஞ்சவன்.

கடைசியா ஒண்ணு. அதே ஊர்க்காரன் எவனோ பொழுது போகாம வரைஞ்ச படச்சுருளு. மொதப் பகுதியில எலிக படை தெரட்டிட்டுப் போயிப் பூனைக கோட்டைய முட்டுது, எலிராசா தேர்ல நிக்கறாரு, தேர நாய்க இழுக்குது. ராசா சண்டை போடற மாதிரிக் கோயில் சுவத்துல செதுக்கறது இருக்குதே, அதத்தான் கேலி பண்ணுறான். பகல்ல ராசாவச் செதுக்கறது, சாயங்காலம் எலியக் கீறறது. வெளக்கம் கேட்டா சின்னப் புள்ளைக்கு வரைஞ்சதுன்னு தப்பிச்சுக்கலாம் பாரு. ஆனா மத்த பகுதியில இருக்கறது ஆம்பளை பொம்பளை சமாச்சாரம், அத எந்தச் சின்னப் புள்ளைக்கும் சொல்லித் தப்பிக்க முடியாது. உன்ற அக்கா அந்தப் பக்கம் வந்ததும் என்னயக் கையப் புடிச்சு இழுத்துட்டுப் போய்ட்டா, அப்பாரு நேரமாச்சுன்னு. அங்க அன்னிக்கு நேரமே ஆகல.

அதனால நீ போனதும் ஒரு காரியம் பண்ணு. ஆத்தாளுக்குச் சவுரிப் பொட்டியப் போட்டோ புடிச்சு அனுப்பு. உன்ற அப்பனுக்கு வரிக்கணக்கு அனுப்பு, அவனுக்குத்தான் அதுல ருசி. குடும்பக் குரூப்புல எலிப்படத்தப் போடு, புள்ளைக சிரிக்கும். அந்த மத்த பகுதி காட்சியில இருந்துச்சுன்னா, பிளாஷ் போடாம, ஆடாம அசையாம நல்லாத் தெளிவா ஒண்ணு எடுத்து, குரூப்புல போட்டுத் தொலைக்காம என்ற நம்பருக்குத் தனியா அனுப்பு. சரித்திரத்துல எனக்கு ஒரு சந்தேகம் இருக்குது.