கறுப்பு அங்கியும் அரிதாரமும்

கேள்வி: போளூர் கோர்ட்டில் தொழில் செய்கிறேன். தொலைக்காட்சித் தொடரொன்றில் வேஷம் தருகிறார்கள். ஆற்றில் ஒரு கால், சேற்றில் ஒரு கால் என்றாகிவிடுமோ?
— ஒரு வக்கீல், ஜமுனாமரத்தூர், ஜவ்வாது மலை

பதில்: கட்சிக்காரருக்காகத் தினந்தோறும் ஆவேசப்படும் தாங்கள், இப்போதுதான் முதன்முறையாக வேஷம் கட்டப்போவதாக எண்ணுவது ஆச்சரியமே! 1891-ல் சென்னையில் சுகுண விலாஸ சபையை ஸ்தாபித்த பம்மல் சம்பந்த முதலியார், பகலில் வக்கீலாகவும் பின்னர் ஸ்மால் காஸ் கோர்ட்டு நீதிபதியாகவும் வழக்குகளைக் கவனித்து, அந்தி சாய்ந்தபின் நாடகாசிரியராகவும் நடிகராகவும் விளங்கி, தமது 'மனோகரா' 1936-லும், மீண்டும் 1954-லும் திரைப்படமாவதைக் கண்ணாரக் கண்டு, 1959-ல் பத்ம பூஷண் விருதும் பெற்றாரென்றால், சட்டமும் கலையும் சக்களத்திகளல்ல என்பது ஸ்பஷ்டம். சத்தியமூர்த்தி போன்ற வக்கீல்களும் அச்சபையின் மேடையில் ஏறியவர்களே.

ஆனால் அவர்கள் நடித்தது ஊதியம் கருதாத அமெச்சூர் சபையில். தங்கள் டைரக்டரோ, விடியற்காலையிலேயே அரிதாரத்துடன் நிற்கச் சொல்லிவிட்டு, சாயங்காலம்வரை காட்சியை எடுக்கமாட்டார்; அதே வேளையில் போளூரில் கோர்ட்டு சேவகர் தங்கள் கட்சிக்காரர் பெயரை மூன்று முறை கூவி முடித்திருப்பார். அங்கே 'ரீடேக்' கிடையாது! ஒலிபரப்பு, பத்திரிகைத் தொழில், போதனை ஆகியவற்றை வக்கீலுக்கு அனுமதிக்கும் இந்திய பார் கவுன்சில் விதிகள், சுயவிளம்பரத்தையும் முழுநேர ஊழியத்தையும் அனுமதிப்பதில்லை. ஆகவே பார் கவுன்சிலைக் கலந்துகொண்டு, படப்பிடிப்பைக் கோர்ட்டு விடுமுறைக்குத் தள்ளிவைக்கச் சொல்லுங்கள். கையெழுத்திடுமுன், பிறர் பத்திரங்களைப் படிப்பதுபோல் தங்கள் ஒப்பந்தத்தையும் ஒருமுறை படித்துவிடுங்கள்.