படப்பிடிப்புக்கு ஒரு பண்டிகை

கேள்வி: இந்தோனேசியாவில் மார்ச் 30-ஐத் தேசியத் திரைப்பட நாளாகக் கொண்டாடுவது ஏன்? அன்று வெளியான படம் எது?

பதில்: எதுவும் வெளியாகவில்லை, கேமரா ஓட ஆரம்பித்த நாள் அது! 1950-இல் இயக்குநர் உஸ்மார் இஸ்மாயில் 'டாரா டான் டோவா' படப்பிடிப்பைத் தொடங்கினார். குழந்தை பிறந்த நாளை விட்டுவிட்டு, வளைகாப்பு நாளைக் கொண்டாடுகிற பாசம்!

அதற்கு முன்பே டச்சுக்காரர் நிறுவனத்துக்குப் படம் எடுத்தவர்தான். ஆனால், தன் முதல் படமென்று இதைத்தான் சொன்னார். எனக்குப் பிடித்தது 1954-இல் வந்த 'லேவாட் ஜாம் மாலாம்'. அதில் விடுதலைக்குத் துப்பாக்கி ஏந்திய நாயகன் இஸ்கந்தர், பண்டுங் நகரத் தெருவில் ஊரடங்கு நேரத்தில் சொந்த நாட்டுச் சிப்பாய்களின் குண்டுக்கே பலியாகிறான். சுதந்திரம் கிடைத்த சூட்டோடு இப்படியொரு படம் எடுக்க எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! பணமுடை வந்தபோது, மூன்று சகோதரிகளின் கல்யாணக் கதையான 'டிகா டாரா'வைப் பாட்டும் கலகலப்புமாக எடுத்தார், கொட்டகைகள் நிரம்பின. 49 வயதில் போய்விட்டார், பாவி மனுஷன்.